குழந்தை நட்சத்திரமா, நடிகையா?

கேள்வி: எகிப்திய நடிகை ஃபாத்தின் ஹமாமாவின் தொடக்ககால வெற்றி வெறும் அதிர்ஷ்டம்தானா?

பதில்: தொடக்கம் அதிர்ஷ்டம்தான், மறுப்பதற்கில்லை. 1931-இல் பிறந்த அவர், முகமது கரீம் இயக்கிய ‘யவ்ம் சயீத்’ படத்தில் திரைக்கு வந்தபோது ஆண்டு 1940. கதாநாயகன், அரபுலகமே கொண்டாடிய பாடகர் முகமது அப்தல் வஹாப். இப்படியொரு வாசல் எந்தச் சிறுமிக்குக் கிடைக்கும்? ஆனால் பால்முகத்தை மட்டும் நம்பியிருந்தால் மீசை அரும்பியதும் மறையும் சிறுவர் நட்சத்திரங்களைப் போல அவரும் காணாமல் போயிருப்பார். மாறாக, நாடகக் கலைஞர் ஸகி துலைமாத் தொடங்கிய நடிப்புக் கல்விக்கூடத்தில் சேர்ந்து முறையாகப் பயின்றார். திரையில் ஏற்கெனவே முகம் தெரிந்தவர் மாணவியாக உட்காருவது சாதாரணமல்ல.

1947-இல் இயக்குநர் இஸ்ஸுத்தீன் ஸுல்ஃபிகாரை மணந்ததுதான் அவரை ஏற்றிவிட்டது என்று சொல்வோர் உண்டு. உதவியிருக்கலாம். ஆனால் இயக்குநர் யூசுஃப் ஷாஹீன் 1950-இல் தம் முதல் படமான ‘பாபா அமீன்’-இல் அவரை நடிக்க வைத்ததற்கும், 1954-இல் நடிகர் ஒமர் ஷெரீஃபின் முதல் படத்துக்கு நாயகியாக்கியதற்கும் கணவரா காரணம்? புதியவர்கள் சாய்ந்துகொள்ளும் தூணாக இருபத்து மூன்று வயதுக்குள் அவர் ஆகிவிட்டிருந்தார். ஆரம்பப் படங்கள் பலவற்றில் அழுது தீர்க்கும் அப்பாவிப் பெண்தான், உண்மை. அந்தச் சட்டகத்தை உடைத்தது 1959-இல் வந்த, தாஹா ஹுசைன் நாவலைத் தழுவிய ‘துஆ அல் கரவான்’: பழிவாங்கப் புறப்படும் கிராமத்துப் பெண்.