எல்லைக் கோட்டில் தொலைந்த நடிகர்

திருவனந்தபுரத்திலிருந்து நாகர்கோவில் போகும் இரயிலில் நெய்யாற்றின்கரையைக் கடந்தால் பாறசாலை வரும். அதைத் தாண்டினால் தமிழ்நாடு. இரயில்வேயில் பொறியாளராக இருந்த காலத்தில் இந்தப் பாதையில் பலமுறை போயிருக்கிறேன். இருபக்கமும் அதே தென்னை, அதே சிவந்த மண். பேச்சில் தமிழும் மலையாளமும் கலந்தே வரும். 1956 நவம்பர் 1 வரை இங்கே எல்லையே கிடையாது, எல்லாம் திருவிதாங்கூர்ப் பகுதி. அன்றுதான் அகஸ்தீஸ்வரம், தோவாளை, கல்குளம், விளவங்கோடு தாலுக்காக்கள் சென்னை மாநிலத்துடன் சேர்ந்தன. நெய்யாற்றின்கரை கேரளத்தில் நின்றது.

அந்தக் கோடு ஒரு நடிகரின் வாழ்வையும் இரண்டாகப் பிரித்தது. அவர் ஜே. சி. டேனியல். அகஸ்தீஸ்வரத்துக்காரர், வசதியான நாடார் கிறிஸ்தவக் குடும்பம். களரிப் பயிற்சியில் ஆர்வம் மிக்கவர். அந்தக் கலையை உலகுக்குக் காட்டச் சினிமாவே வழி என்று நம்பினார். சென்னைக்கும் பம்பாய்க்கும் போய்ப் படத்தொழிலைப் பார்த்து வந்தார். நிலத்தை விற்று, திருவனந்தபுரத்தில் 'திருவிதாங்கூர் நேஷனல் பிக்சர்ஸ்' என்ற நிறுவனத்தைத் தொடங்கினார். 'விகதகுமாரன்' என்ற ஊமைப்படத்துக்குக் கதை, இயக்கம், தயாரிப்பு எல்லாம் அவரே. முக்கிய வேடத்தில் நடித்தவரும் அவரே. படம் கேப்பிட்டல் தியேட்டரில் வெளியானது. நீண்ட காலம் 1928 என்றே சொல்லி வந்தார்கள். பிற்கால ஆய்வாளர்கள் 1930 அக்டோபர் 23 என்கிறார்கள்.

கதாநாயகி பி. கே. ரோஸி, ஒடுக்கப்பட்ட சமூகத்துப் பெண். அவர் நாயர் பெண் வேடத்தில் திரையில் தோன்றியதை மேல்சாதியினர் சிலர் பொறுக்கவில்லை. திரை மேல் கல் விழுந்தது. ரோஸி ஊரை விட்டே ஓட நேர்ந்தது. படம் நஷ்டம், டேனியல் கடனாளியானார். பிறகு தமிழ்நாட்டில் பல் வைத்தியம் செய்து பிழைத்தார்.

முதுமையில் உதவி கேட்டபோது, கன்னியாகுமரி மாவட்டத்துக்காரர் என்பதால் கேரள அரசு முதலில் மறுத்தது. ஊமைப்படத்துக்குப் பேச்சு ஏது? இருந்தும் அதை எடுத்தவர் எந்த மொழிக்காரர், எந்த மாநிலத்தவர் என்ற வழக்கு மட்டும் இருந்தது! 1975-இல் அவர் காலமானார். பத்திரிகையாளர் சேலங்காட்டு கோபாலகிருஷ்ணன் விடாமல் எழுதியதால்தான் அவருடைய பணி வெளிச்சத்துக்கு வந்தது. கேரள அரசு 1992 முதல் அவர் பெயரில் விருது வழங்குகிறது. 2013-இல் 'செல்லுலாய்டு' என்ற மலையாளப் படம் அவர் வாழ்க்கையைச் சொன்னது. ஆனால் 'விகதகுமாரன்' படச்சுருள் மிஞ்சவில்லை.

மலையாளத்தின் முதல் பேசும்படமான 'பாலன்' (1938) சேலம் மாடர்ன் தியேட்டர்ஸில் உருவானது என்பதையும் நினைவில் வையுங்கள். கலைக்கு எல்லை கிடையாது, உதவித்தொகைக்குத்தான் உண்டு.

வெளியூரில் வளரும் நம் பிள்ளைகளிடம் “நீ எந்த ஊர்?” என்று எவராவது கேட்டால் அவர்கள் தயங்குவது உண்டு. அவர்களுக்கு இந்தக் கதையைச் சொல்லுங்கள். பிறகு இரண்டு கேள்விகள் கேளுங்கள்:

1. டேனியல் யாருக்குச் சொந்தம்?
2. விருது டேனியல் பெயரில் இருக்கிறது. கல்லடி பட்ட ரோஸிக்கு நாம் என்ன செய்தோம்?

பதில்களை அவர்களே தமிழில் எழுதட்டும்.