யாரைக் கேட்டுச் சொன்ன கதை?

காத்திவாக்கத்தில் எட்டாம் வகுப்புக்குத் தமிழ் கற்பிக்கிறேன். கதைமாந்தர் உறவுகளைப் புரியவைக்க, பசிபிக் பெருங்கடலின் பாலினீசியத் தீவுகளை வைத்து டிஸ்னி எடுத்த ‘மோவானா’ (2016) அனிமேஷன் படத்தைப் பயன்படுத்தினேன். மூன்று பாடவேளைகள் போதும்.

முதல் பாடவேளை: உறவுகள்

கரும்பலகையின் நடுவில் ‘மோவானா’ என்று எழுதி, சுற்றிலும் அப்பா, பாட்டி, மாவி, கடல் என்று எழுதினோம். ஒவ்வொருவரும் அவளிடம் எதிர்பார்ப்பது என்ன என்று மாணவர்கள் நிரப்பினார்கள். கடலுக்குப் போகாதே என்று தடுக்கும் அப்பாவை முதலில் வில்லன் என்றார்கள். ‘ஏன் தடுக்கிறார்?’ என்று கேட்டேன். இளவயதில் நண்பனைக் கடலில் பறிகொடுத்தவர் என்பது நினைவுக்கு வந்தது. கடலுக்குப் போனவர் கரை திரும்பும்வரை காத்திருப்பது இங்குள்ள பிள்ளைகளுக்குத் தெரியும். பயமும் பாசம்தான் என்று அவர்களே முடித்தார்கள். தீவில் மீன் அற்றுப்போகும் காட்சி வந்தபோது, 2023 டிசம்பரில் புயல் வெள்ளத்தோடு எண்ணெய் பரவிய எண்ணூர்க் கழிமுகத்தைப் பற்றிப் பேசினார்கள்.

இரண்டாம் பாடவேளை: உண்மைத்தன்மை

படத்தை இயக்கியவர்கள் தீவுக்காரர்கள் அல்லர். எனவே தீவுகளின் அறிஞர்கள், கலைஞர்கள், மூத்தோர் அடங்கிய குழுவைக் கலந்தாலோசித்தார்கள். தொடக்கத்தில் மொட்டைத் தலையோடு வரையப்பட்ட மாவிக்கு, அவர்கள் சொன்ன பிறகே நீண்ட முடி வந்தது. மோவானா கோபத்தில் தேங்காய்களை வீசும் காட்சியும் நீக்கப்பட்டது. ஆனாலும் குறைகள் உண்டு. பல தீவுகளின் பண்பாட்டை ஒன்றாகக் கலந்துவிட்டார்கள் என்ற விமர்சனம் எழுந்தது. மாவியின் பச்சை குத்திய உடலைப் போலவே தைத்த சிறுவர் உடை, எதிர்ப்புக்குப் பின் விற்பனையிலிருந்து திரும்பப் பெறப்பட்டது. 2017இல் படம் மாவோரி மொழியிலும் வந்தது. ‘கேட்டது எங்கே, கேட்காதது எங்கே?’ என்று இரு பத்திகளில் மாணவர்கள் பட்டியலிட்டார்கள்.

மூன்றாம் பாடவேளை: நம் கடல்

மோவானாவின் முன்னோர் ஓட்டியது போன்ற இரட்டைப் படகை ஆங்கிலத்தில் ‘கேட்டமரான்’ என்பார்கள். அது நம் கட்டுமரம் என்ற சொல்லிலிருந்து போனது. ஆனால் கட்டுமரம் இரட்டைப் படகு அன்று, மரங்களைச் சேர்த்துக் கட்டியது. சொல் ஊர் தாண்டும்போது பொருள் மாறிவிட்டது. கேட்க ஆளில்லாவிட்டால் கதைக்கும் இதுவே நடக்கும்.

வீட்டுப்பணியாக, ஆயா, தாத்தா அல்லது தெருப் பெரியவர் ஒருவரிடம் மூன்று கேள்விகள் கேட்டுவரச் சொன்னேன்: வாடை, கொண்டல், கச்சான் காற்றுகள் எந்தப் பக்கமிருந்து வீசும்? எந்தக் காற்றில் கடலுக்குப் போகக் கூடாது? இதை உங்களுக்குச் சொல்லிக்கொடுத்தவர் யார்? மீனவர் அல்லாத வீடுகளில், சொந்த ஊரின் தொழிலைப் பற்றிக் கேட்கலாம்.

மதிப்பிடும்போது கவனம் தேவை. பாடநூலில் இல்லாத சொல்லைப் பிழை என்று சுழித்துவிட்டால், அந்தப் பிள்ளை அடுத்த முறை வீட்டில் கேட்காது. சொல்லைச் சொன்னவர் பெயரோடு எழுதச் சொல்லுங்கள். அதற்கும் ஒரு மதிப்பெண் கொடுங்கள்.