சுவரை உரிக்கலாம், சீலிங்கை மூடலாம்

பழைய கரடுப் பூச்சை என்ன செய்வது என்று கேட்டால் பெரும்பாலும் வரும் பதில் இரண்டு. சுவர் என்றால் மேலே புட்டி வைத்து மூடிவிடலாம். சீலிங் என்றால் சுரண்டிவிட்டுப் பெயின்ற் அடிக்கலாம். மட்டக்களப்பு வாவிக்கரை வீடுகளுக்கு இந்த இரண்டையும் இடம் மாற்றிப் போட வேண்டும்.

புளியந்தீவைச் சுற்றி வாவி. கல்லடிக்கும் நாவற்குடாவுக்கும் ஒரு பக்கம் கடல், மறுபக்கம் வாவி. நிலத்து நீர் உப்பைக் கரைத்துக்கொண்டு சுவரில் ஏறுகிறது. நீர் காற்றோடு போய்விடும், உப்பு தங்கிப் பளிங்காகும். பளிங்கு வளர வளரப் பூச்சை உள்ளிருந்து நெம்பும். காற்றின் ஈரப்பதன் ஏறத்தாழ 75 வீதத்தைத் தாண்டினால் கறியுப்பு காற்றிலிருந்தே நீரை இழுத்துக் கசியும். மழையில்லாத விடியலிலும் சுவர் வியர்த்து நிற்பது அதனால்தான். இந்தச் சுவரைப் புட்டியாலும் எனாமல் பெயின்றாலும் மூடினால் உப்புக்கு வெளியேற வழியில்லை. தோலுக்குள் பொங்கி, முழங்கால் உயரத்தில் பூச்சோடு கழன்று விழும். ஆகவே முதலில் ஒரு ரூபாக் குத்தியால் சுவரைத் தட்டிப் பாருங்கள். பொத்தென்று ஒலிக்கும் இடம் ஏற்கெனவே கழன்ற இடம். பிறகு ஒரு சதுரப் பொலித்தீனை நான்கு விளிம்பும் ஒட்டி இரண்டு நாள் விடுங்கள்: உட்பக்கம் துளிர்த்தால் ஈரம் சுவருடையது, வெளிப்பக்கம் என்றால் காற்றுடையது.

முழுவதையும் உரிக்கச் செலவு தாங்காது என்பார்கள். முழுவதையும் உரிக்கத் தேவையில்லை. ஈரக்கோட்டுக்கு மேலே அரை மீற்றர் வரை கொத்தி, உப்பை நனைக்காமல் துடைத்தெடுத்து (கழுவினால் அது கரைந்து திரும்ப உள்ளேதான் போகும்), கச்சான் காற்று வீசும் மாதங்களில் காயவிட்டு, சுண்ணாம்புச் சாந்து பூசினால் போதும். நல்ல ஒலி தரும் மேற்பகுதியில் கரடு சீமெந்தாக இறுகியிருந்தால் அதைத் தொடவே வேண்டாம். உளி கல்லையும் சேர்த்துப் பெயர்க்கும், அங்கே மூடுவதே மேல். சீமெந்துதானே பலம் என்ற கேள்வியும் வரும். பலம்தான், அதுவே கெடுதி: அடர்ந்த சீமெந்து ஈரத்தை இன்னும் மேலே தள்ளும், உப்பைக் கல்லுக்குள் இறக்கும். சுண்ணாம்பு கல்லுக்குப் பதிலாகத் தானே உதிரும். அதை மறுபடி பூசலாம், கல்லைப் பூச முடியாது. இதற்கு அந்தக் காலம்போல முருகைக்கல் சுட வேண்டியதில்லை. கரையோரத்தில் அதை அகழ்வது சட்டப்படி தடை. பையில் விற்கும் சுண்ணாம்புத் தூளே போதும்.

சீலிங்கின் கதை வேறு. இலங்கையில் நீல அஸ்பெஸ்டஸ் 1987இல் தடைசெய்யப்பட்டது. வெள்ளை அஸ்பெஸ்டஸையும் நிறுத்தும் திட்டம் இருந்தது. 2017 டிசம்பரில், அஸ்பெஸ்டஸை நமக்கு விற்கும் ரஷ்யா நமது தேயிலையை நிறுத்திவைத்ததும் அது கைவிடப்பட்டது. ஆக, பழைய சீலிங் சீற்றில் அஸ்பெஸ்டஸ் நார் இருக்கிறதென்றே வைத்துக்கொள்ள வேண்டும். முழுச் சீற்றில் அது சீமெந்துக்குள் கட்டுண்டு கிடக்கும். கம்பித் தூரிகையும் கிரைண்டரும் பட்டால் தூசியாகும். இத்தனை வருடமாய்ச் சுரண்டுகிறோம், என்ன வந்தது என்று கேட்பவர்களுக்கு ஒன்று சொல்லலாம்: மீசோதீலியோமா என்னும் புற்றுநோய் தலைகாட்டப் பெரும்பாலும் 20 வருடத்துக்கு மேலாகும். லண்டன் உறவினர் வீட்டுப் பழைய ஆர்ட்டெக்ஸ் கரடுப் பூச்சுச் சீலிங்கிலும் இதே நார் இருக்கலாம்; நல்ல நிலையில் இருந்தால் அங்கும் கலைக்காமல் விடுவதே பொதுவான அறிவுரை. இங்கே, சீற்றைத் துளைக்காமல் சுவரிலிருந்து சட்டம் கொடுத்துக் கீழே இன்னொரு சீலிங் போடலாம். அதற்குக் காசில்லையென்றால் சுரண்டாமல், உரசாமல் இரண்டு முறை தண்ணீர்ப் பெயின்ற் அடிக்கலாம்.

உடைந்த சீற் மட்டும் மூடுவதற்கு அடங்காது. நனைத்து, முழுதாகவே கழற்றி, பொலித்தீனில் இரட்டையாகச் சுற்ற வேண்டும். துணி கட்டிய மூக்கு போதாது, எஃப்.எஃப்.பி.3 வகை முகக்கவசம் வேண்டும். விளக்குமாறு கிட்டவே வரக்கூடாது. கழற்றியதை நொறுக்கி வளவுப் பள்ளத்துக்குக் கொட்டினால், சீலிங்கில் அடங்கிக் கிடந்தது முற்றத்துத் தூசியாகிவிடும்.