போர்க்காலத்தில் ஒரு கூடைப்பந்து அணி

கூடைப்பந்து என்றாலே உயரம்தான் என்று நம்ம மைதானத்தில் பேச்சு வரும். அமெரிக்காவின் யூட்டா பல்கலைக்கழக அணியில் ஆடிய வாட் மிசாகாவின் உயரம் வெறும் 5 அடி 7 அங்குலம்.

1943-44 பருவம், இரண்டாம் உலகப் போர் நேரம். மூத்தவர்கள் ராணுவத்துக்குப் போய்விட, மிஞ்சியவர்கள் பெரும்பாலும் நம்ம வயசுக்காரர்கள். உள்விளையாட்டரங்கத்தையும் ராணுவம் எடுத்துக்கொண்டது.

மிசாகாவின் பெற்றோர் ஜப்பானிலிருந்து வந்தவர்கள். 1942 முதல் மேற்குக் கடற்கரையில் வாழ்ந்த ஜப்பானிய வம்சாவளியினர் ஒரு லட்சம் பேருக்கு மேல் முள்வேலி முகாம்களில் அடைக்கப்பட்டார்கள். ஒரு முகாம் யூட்டாவிலேயே இருந்தது. இவர் குடும்பம் கடற்கரையில் இல்லாததால் தப்பியது. அப்பா முடிதிருத்தும் கடை வைத்திருந்தவர். மகனுக்கு 15 வயதில் இறந்துபோனார். (எங்க வீட்டில் காலேஜ் வாசல் மிதித்த முதல் ஆள் நான். இந்த இடத்தில் கொஞ்சம் நின்றுதான் படித்தேன்.)

நியூயார்க்கில் என்.ஐ.டி. போட்டியின் முதல் ஆட்டத்திலேயே கென்டக்கியிடம் தோல்வி. மூட்டை கட்ட வேண்டியதுதான். அந்த நேரம் பார்த்து ஆர்க்கன்சா அணி கார் விபத்தால் விலக, என்.சி.ஏ.ஏ. போட்டிக்கு இவர்களைக் கூப்பிட்டார்கள். 1944 மார்ச் 28, டார்ட்மவுத்துடன் இறுதி ஆட்டம். முழு நேரத்தில் 36-36. கூடுதல் நேரம் முடியச் சில வினாடி இருக்க ஹெர்ப் வில்கின்சன் எறிந்த பந்து விழுந்து 42-40!

ஊர் திரும்பிய மிசாகாவுக்கு ராணுவ அழைப்பு காத்திருந்தது. ஆமாம், அதே அரசின் ராணுவம்தான். போய்வந்து 1947-ல் நியூயார்க் நிக்ஸ் அணிக்கு 3 ஆட்டம் ஆடினார். அப்புறம் ஊருக்கு வந்து அவர் படித்து முடித்தது நம்ம என்ஜினீயரிங்தான்.