எட்டுக் கலை

விண்மீன்களிடையே கிழக்கு நோக்கிச் செல்லும் செவ்வாய், ஒரோவழி நின்று, மேற்கே திரும்பி, மீண்டும் கிழக்கே செல்வதாகத் தோன்றும். இதனை வக்கிரம் என்பர் கணியர். புவியே நடுவண் நிற்பதெனக் கொண்ட தாலமி, வட்டத்தின்மேல் வட்டம் அமைத்து இதனை விளக்கினார்.

1543-ஆம் ஆண்டில் வெளிவந்த நூலில், கோப்பர்னிக்கஸ் ஞாயிற்றை நடுவில் வைத்தார். புவியும் ஒரு கோளாயிற்று. விரைவு வண்டியில் செல்வோர்க்கு, அருகே மெல்லச் செல்லும் வண்டி பின்னோக்கிப் போவதாகத் தோன்றுமன்றோ? அவ்வாறே, உள்வழியில் விரையும் புவி செவ்வாயை முந்துங்கால், அக்கோள் பின்னிடுவதாகத் தோன்றுகிறது. எனவே, வக்கிரம் செவ்வாயின் செயலன்று; நம் இயக்கத்தால் விளையும் தோற்றமே.

ஆயினும், அவரும் வட்டத்தை விட்டாரல்லர். ஆதலின், கணக்கும் காட்சியும் முற்றும் பொருந்தவில்லை. தொலைநோக்கி தோன்றுமுன்னரே கோள்நிலைகளை நுணுகி அளந்த டைக்கோ பிராகி 1601-இல் மறைந்தார். அவர்தம் அளவைகளைக் கொண்டு கெப்ளர் செவ்வாயின் வழியை ஆராய்ந்தார். பன்முறை முயன்றும் 8 கலை வேறுபட்டது. ஒரு பாகையின் 60-இல் ஒரு கூறே கலை. 8 கலையோ முழுமதியின் அகலத்தில் ஏறத்தாழக் காற்பங்கு. கெப்ளர் அளவையை ஐயுறவில்லை. தாம் வருந்தி அமைத்த கணக்கையே களைந்தார். செவ்வாயின் வழி நீள்வட்டம் என்றும், அதன் குவியங்களுள் ஒன்றில் ஞாயிறு உளது என்றும் 1609-இல் வெளியிட்டார்.

வழி அறிந்தபின், அவ்வழிச் செல்வது எதனால் என்னும் வினா எழுந்தது. ஈர்ப்பு விசையே காரணம் என 1687-இல் நியூட்டன் நிறுவினார். சிறிதென்று 8 கலையைத் தள்ளியிருப்பின், கெப்ளர்க்கு இவ்வுண்மை புலப்பட்டிராது.