கணிப்பொறிப் பாடம்: ஆடி முடித்த பிறகும் தங்கும் செட்டிங்குகள்

நாகபுரியின் மே மாதத்தைப் பற்றி இவ்விதழின் வாசகர்களுக்கு நான் சொல்ல வேண்டியதில்லை. காலை பத்து மணிக்கு மேல் பிள்ளைகளை வெளியே விட முடியாது. விதர்பாவில் பள்ளி திறக்க ஜூன் கடைசி ஆகிவிடும். அதுவரை நம் சங்கக் கட்டடத்தின் பின் அறைதான் அவர்களுக்குக் கதி. அங்கே ஒரு கூலர் இருக்கிறது. ஓர் அன்பர் தமது அலுவலகத்தில் கழித்துக் கட்டியபோது கேட்டு வாங்கித் தந்த ஆறு பழைய கம்ப்யூட்டர்களும் இருக்கின்றன. காலையில் அவற்றில் நான் வகுப்பு எடுக்கிறேன். மதியத்தில் பிள்ளைகள் ஆறையும் ஒரே வலையில் இணைத்துக்கொண்டு கவுன்ட்டர்-ஸ்ட்ரைக் ஆடுகிறார்கள்.

துப்பாக்கி ஆட்டத்துக்கெல்லாம் பாடமா என்று பெரியவர்கள் சிலர் கேட்பார்கள். எனக்கும் அந்த ஆட்டத்தின் மேல் பிரியம் கிடையாது. ஆனால் ஃபைல் என்றால் என்ன, ஃபோல்டர் என்றால் என்ன என்று நான் ஆறு மாதம் சொல்லிக் கொடுத்ததைவிட அதிகமாக அவர்கள் இந்த ஆட்டத்தில் கற்றுக்கொண்டிருக்கிறார்கள். மேலும் 2025 மே மாதத்தில் இதனால் இரண்டு குடும்பங்களுக்குள் மனத்தாங்கல் வந்தது. அதில் என் பங்கும் உண்டு என்பதால் எழுதுகிறேன்.

முதலில் ஆட்டத்தைப் பற்றி இரண்டு வரி. ஹாஃப்-லைஃப் என்ற 1998-ஆம் ஆண்டு ஆட்டத்தை அடிப்படையாக வைத்து, மின் லீ, ஜெஸ் கிளிஃப் என்ற இருவர் 1999-இல் செய்து வெளியிட்டது இது. அடுத்த ஆண்டே வால்வ் நிறுவனம் அதைத் தன் வெளியீடாகக் கடைக்குக் கொண்டுவந்தது. நம் பிள்ளைகள் ஆடும் 1.6 பதிப்பு 2003-இல் வந்தது. 2023-இல் கவுன்ட்டர்-ஸ்ட்ரைக் 2 வந்துவிட்டாலும், நம் சங்கத்துக் கம்ப்யூட்டர்கள் தாங்குவது பழையதைத்தான்.

மூன்று பேர் ஓர் அணி. ஆறு கம்ப்யூட்டரில் ஒன்று மட்டும் ஆட்டத்தை நடத்தும். மற்ற ஐந்தும் அதில் சேர்ந்துகொள்ளும். நடத்துகிற கம்ப்யூட்டரில் 'நியூ கேம்' என்பதைத் தட்டினால் ஒரு படிவம் வரும். ரவுண்டுக்கு எத்தனை நிமிடம், கையில் எவ்வளவு பணம், குண்டு வெடிக்க எத்தனை விநாடி என்றெல்லாம் அதில் நிரப்பலாம். 'ஃப்ரெண்ட்லி ஃபயர்' என்று ஒரு கட்டமும் உண்டு. அதில் டிக் இல்லையென்றால் சொந்த அணிக்காரன் மேல் குண்டு பட்டாலும் ஒன்றும் ஆகாது. டிக் இருந்தால் அவனும் சாவான். சுட்டவனின் பணத்தில் 3,300 டாலரும் போகும்.

விடுமுறைப் போட்டியின் இறுதி ஆட்டத்தன்று, வழக்கமாக ஆட்டத்தை நடத்தும் முதல் கம்ப்யூட்டரின் பவர் சப்ளை போய்விட்டது. கழற்றி மாற்றினோம், ஆனாலும் அதை நம்பாமல் இரண்டாவதில் ஆட்டத்தைத் தொடங்கினார்கள். அதில் உட்கார்ந்தவன் ஒன்பதாம் வகுப்புப் பையன். ஃப்ரெண்ட்லி ஃபயர் வேண்டாம் என்று எல்லோரும் சேர்ந்து முடிவு செய்து, எல்லோர் கண்முன்னும் அந்தக் கட்டத்தை அவன் காலியாக விட்டான். கடைசி ரவுண்டில் புகைக்குள் அவன் சுட்டதில் அவன் அணிக்காரனே விழுந்தான். ஆட்டம் போயிற்று. "நீதான் நடுவில் செட்டிங்கை மாற்றினாய், அவனோடு உனக்குச் சண்டை, அதனால்தான்" என்று மற்ற இருவரும் அவன் மேல் பாய்ந்தார்கள். அவன் இல்லை இல்லை என்று சொல்லிப் பார்த்துவிட்டு, செருப்பைக்கூட மாட்டாமல் அந்த வெயிலில் வீட்டுக்கு ஓடினான். மாலையில் அம்மாக்கள் பேசிக்கொண்டார்கள். மறுநாள் முதல் அந்த வீட்டுப் பிள்ளைகள் இருவரும் வகுப்புக்கு வரவில்லை.

இதில் ஒரு தடயம் எல்லோர் கண்ணிலும் பட்டிருந்தது. படிவத்தில் ரவுண்டுக்கு ஐந்து நிமிடம் என்றுதான் இருந்தது. ஆட்டத்திலோ கடிகாரம் 1:45-இல் தொடங்கியது. ரவுண்டுக்கு முன் அசையாமல் நிற்கும் நேரமும் நீண்டிருந்தது. வேறு மெஷின் என்பதால் அப்படி இருக்கிறது என்று விட்டுவிட்டார்கள்.

காரணம் இதுதான். படிவத்தில் நிரப்பியவை முதலில் அமலாகும். பிறகு மேப் திறக்கும்போது, நடத்துகிற கம்ப்யூட்டரில் 'லிசன்சர்வர்.சிஎஃப்ஜி' என்ற ஃபைல் இருக்கிறதா என்று ஆட்டம் தேடும். இருந்தால் அதிலுள்ள கட்டளைகளை யாரையும் கேட்காமல் நிறைவேற்றும். ஒவ்வொரு மேப் மாறும்போதும் இதே கதை. ஆகவே படிவத்தில் 'வேண்டாம்' என்றும் ஃபைலில் 'வேண்டும்' என்றும் இருந்தால் ஃபைல் சொன்னதே நிற்கும். திரையில் அதற்கு ஓர் அறிவிப்பும் பளிச்சென்று வராது.

இது எனக்குத் தெரியும். தெரிந்தும் நான் செய்த காரியத்தைக் கேளுங்கள். மறுநாள் காலை அந்தக் கம்ப்யூட்டரைத் திறந்து, சிஎஃப்ஜி என்று முடியும் எல்லா ஃபைல்களையும் தேர்ந்தெடுத்து, ஷிஃப்ட்டை அழுத்திக்கொண்டு டெலீட்டைத் தட்டினேன். அப்படித் தட்டினால் ஃபைல் ரீசைக்கிள் பின்னுக்குப் போகாமல் நேரே போய்விடும். ஆட்டத்தைத் திறந்து பார்த்தேன். ஃப்ரெண்ட்லி ஃபயர் இல்லை. "பார்த்தீர்களா, பழைய ஃபைல்தான் காரணம்" என்றேன். "எந்த ஃபைல் அங்கிள்? காட்டுங்க" என்றான் ஒருவன். காட்ட என்னிடம் ஒன்றுமில்லை. அந்தப் பையன் குற்றமற்றவன் என்பதற்கு இருந்த ஒரே சாட்சியை நானே அழித்திருந்தேன்.

அதோடு போகவில்லை. நான் அழித்தவற்றில் 'கான்ஃபிக்.சிஎஃப்ஜி' என்பதும் ஒன்று. எந்த விசை எதற்கு, மௌஸ் எவ்வளவு வேகம், ஆடுபவர் பெயர் என்ன என்பவை அதில் இருக்கும். அது போனால் ஆட்டம் புதிதாக ஒன்று எழுதிக்கொள்ளும். ஆனால் எல்லாம் பழைய முதல் நிலைக்குப் போய்விடும். அந்தக் கம்ப்யூட்டரில் வழக்கமாக ஆடுவது இடது கைப் பழக்கமுள்ள ஒரு பெண். விசைகளையெல்லாம் வலப்பக்கத்து எண் விசைகளுக்கு மாற்றி, மாதக்கணக்கில் சரிபார்த்து வைத்திருந்தாள். திரும்ப அமைக்க அவளுக்கு இரண்டு மதியங்கள் ஆயின. அவள் என்னை ஒன்றும் சொல்லவில்லை. அதுதான் எனக்கு உறுத்தியது.

சாட்சி வேறு இடத்தில் கிடைத்தது. நான்காவது கம்ப்யூட்டரிலும் அதே ஃபைல் இருந்தது. நோட்பேடில் திறந்தோம். மொத்தம் ஆறு வரி. ஃப்ரெண்ட்லி ஃபயர் 1, ரவுண்ட் நேரம் 1.75, நிற்கும் நேரம் 15, குண்டுக்கு 35 விநாடி, கைப்பணம் 800. பெரிய போட்டிகளில் ஆடுபவர்கள் பயிற்சிக்கு வைத்துக்கொள்ளும் கணக்கு அது. இரண்டு சாய்வுக் கோடுகளுக்குப் பின் எழுதியதைக் கம்ப்யூட்டர் கட்டளையாக எடுத்துக்கொள்ளாது. முதல் வரியில் அப்படி ஒரு குறிப்பு, 'வெள்ளிக்கிழமை பிராக்டிஸ் மட்டும்' என்று. ஃபைல் கடைசியாக மாற்றப்பட்ட தேதி 2023 ஜூலை. குற்றம் சாட்டப்பட்ட பையனின் குடும்பம் நாகபுரிக்கு மாற்றலாகி வந்ததே 2024 ஜூனில்தான்.

எழுதியவன் யார் என்பதும் தெரிந்தது. ரயில்வேயில் இருந்த தந்தைக்கு மாற்றலாகி இப்போது பிலாஸ்பூரில் இருக்கிறான். போன் செய்தோம். "இரண்டு சிஸ்டத்துலதான் போட்டேன் அங்கிள், செகண்டும் ஃபோர்த்தும். அது இன்னுமா இருக்கு?" என்று சிரித்தான். அந்த ஃபைலையும் தேதியையும் அச்செடுத்துக்கொண்டு நான் இரண்டு வீடுகளுக்கும் போனேன்.

இனி, எப்படி அழிப்பது என்பதற்கு வருவோம். இங்கே தமிழில் எழுதியிருக்கும் பெயர்களையும் கட்டளைகளையும் நீங்கள் ஆங்கில எழுத்தில் அடிக்க வேண்டும்.

முதலில் ஆட்டத்தை முழுவதும் மூடுங்கள். திறந்து வைத்துக்கொண்டு கான்ஃபிக் ஃபைலைத் திருத்தினால், மூடும்போது ஆட்டம் தன் நினைவில் உள்ளதை அதன் மேல் எழுதிவிடும். உங்கள் வேலை வீண். பிறகு ஸ்டீம் ஃபோல்டருக்குள் ஸ்டீம்ஆப்ஸ், காமன், ஹாஃப்-லைஃப் என்று வரிசையாகப் போனால் சிஸ்ட்ரைக் என்ற ஃபோல்டர் வரும். அங்கே எந்த ஃபைலையும் தொடுவதற்கு முன் ஃபோல்டர் முழுவதையும் அல்லாமல், சிஎஃப்ஜி ஃபைல்களை மட்டும் 'பழையது' என்ற புது ஃபோல்டருக்கு நகல் எடுங்கள். அடுத்து ஒவ்வொன்றின் தேதியையும் பாருங்கள், நோட்பேடில் திறந்து படியுங்கள். எல்லாம் சாதாரண எழுத்துதான். ஹாஃப்-லைஃபின் இயந்திரம் 1996-இல் வந்த க்வேக் என்ற ஆட்டத்தின் வழியில் வந்தது, செட்டிங்குகளை எழுத்து ஃபைலில் வைக்கும் பழக்கமும் அங்கிருந்தே வந்தது.

சந்தேகமான ஃபைலை உடனே அழிக்க வேண்டாம். பெயரின் முன்னால் ஓர் எழுத்தைச் சேருங்கள். லிசன்சர்வர் என்ற பெயரில் ஒன்றும் கிடைக்காவிட்டால் ஆட்டம் பேசாமல் மேலே போய்விடும். ஒரு வாரம் ஆடிப் பார்த்து, யாரும் எதையும் தேடவில்லை என்றால் அப்போது நீக்கலாம். இன்னொன்று: விண்டோஸ் சில ஃபைல்களின் பெயர் வாலை மறைத்து வைக்கும். நோட்பேடில் எழுதிய ஃபைல் பார்வைக்கு லிசன்சர்வர்.சிஎஃப்ஜி என்றிருந்தாலும் உண்மையில் அதன் பின்னால் ஒரு டிஎக்ஸ்டி ஒட்டிக்கொண்டிருக்கலாம். 'நான் எழுதியது வேலை செய்யவில்லை' என்று வருகிற பிள்ளைகளில் பாதிப் பேரின் சிக்கல் இந்த வால்தான்.

பலரும் தடுக்கி விழும் இடம் ஒன்று உண்டு. ஃபைலிலிருந்து ஒரு வரியை நீக்கினால் அந்தச் செட்டிங் பழைய நிலைக்குத் திரும்பிவிடும் என்று நினைக்கிறோம். திரும்பாது. வேடிக்கைக்காகப் பிள்ளைகள் புவியீர்ப்பை 200 ஆக்கி, குதித்தால் கூரைக்குப் போகிறார்கள். 'எஸ்வி_கிராவிட்டி 200' என்ற வரியை நீக்கினாலும், ஓடிக்கொண்டிருக்கும் ஆட்டம் 200-ஐத்தான் நினைவில் வைத்திருக்கும். அது படிவத்திலும் இல்லாத செட்டிங். ஒன்று, ஆட்டத்தை மூடித் திறக்க வேண்டும். அல்லது 'எஸ்வி_கிராவிட்டி 800' என்று இயல்பான அளவை நாமே அடிக்க வேண்டும். இப்போது என்ன அளவு இருக்கிறது என்று தெரியவில்லையா? கன்சோலைத் திறந்து, எண் எதுவும் இல்லாமல் 'எம்பி_ஃப்ரெண்ட்லிஃபயர்' என்று பெயரை மட்டும் அடித்து என்டர் தட்டுங்கள். அளவைக் காட்டும். இறுதி ஆட்டத்தன்று யாராவது இதைச் செய்திருந்தால் அரை நிமிடத்தில் விஷயம் முடிந்திருக்கும்.

பொதுக் கம்ப்யூட்டரில் தானாக ஓடும் லிசன்சர்வர் ஃபைலே கூடாது என்பது என் கருத்து. பிள்ளைகள் ஒப்புக்கொண்டார்கள். இப்போது 'மேட்ச்', 'ஜாலி' என்று இரண்டு ஃபைல்கள் மட்டும் வைத்திருக்கிறோம். ஆட்டம் தொடங்கும்போது எல்லோரும் பார்க்க 'எக்ஸெக் மேட்ச்.சிஎஃப்ஜி' என்று கன்சோலில் அடிக்கிறார்கள். அதன் முதல் வரியில் யார், எப்போது, எதற்காக எழுதியது என்ற குறிப்பு இருக்கும். 'ஜாலி'யில் மாற்றிய ஒவ்வொரு செட்டிங்கும் 'மேட்ச்'சில் இயல்பான அளவோடு கட்டாயம் இடம்பெற வேண்டும் என்பதும் விதி. அந்தப் பெண்ணின் கான்ஃபிக் நகல் என் பென் டிரைவில் இருக்கிறது.

வீட்டில் கவுன்ட்டர்-ஸ்ட்ரைக் 2 வைத்திருப்பவர்களுக்கு: கேம், சிஎஸ்கோ, சிஎஃப்ஜி என்று போகும் ஃபோல்டரில் பிள்ளைகள் 'பிராக்டிஸ்' போன்ற ஃபைல்களைப் போட்டு வைத்திருப்பார்கள். அழைத்தால்தான் அவை ஓடும் என்பதால் அழிப்பதில் ஆபத்தில்லை. ஸ்டீமின் கிளவுடு வசதி இயங்கினால், விசை அமைப்பு போன்ற சொந்தச் செட்டிங்குகள் அழித்த பிறகும் திரும்ப வந்து நிற்கக்கூடும். அப்போது பேய் என்று நினைக்க வேண்டாம்.

ஜூன் இரண்டாம் ஞாயிறு இறுதி ஆட்டம் மீண்டும் நடந்தது. அதே இரண்டாவது கம்ப்யூட்டர், அதே பையன். கட்டளையை அடிக்கும்போது ஐந்து பேரும் அவன் நாற்காலிக்குப் பின்னால் நின்றார்கள். அவன் அணி 16-க்கு 11 என்று தோற்றது. எழுந்து வந்தவன், "கூலர்ல தண்ணி தீர்ந்துடுச்சு அங்கிள், ஊத்தட்டுமா?" என்று கேட்டு வாளியை எடுத்துக்கொண்டு போனான். முன்பு அவன் மேல் பாய்ந்த இருவரில் ஒருவன் இன்னொரு வாளியோடு பின்னாலேயே போனான்.