அடித்து வாங்கும் வாக்குமூலம்

அன்புள்ள மருமகனுக்கு,

போலீஸ் அதிகாரியிடம் கொடுத்த குற்ற ஒப்புதல் நீதிமன்றத்தில் செல்லாது. 1872-ஆம் ஆண்டு சாட்சியச் சட்டத்தின் 25-ஆம் பிரிவு சொன்னதையே, 2024 ஜூலையில் நடைமுறைக்கு வந்த புதிய சட்டத்தின் 23-ஆம் பிரிவும் சொல்கிறது. இந்த அவநம்பிக்கை பழையது. சென்னை மாகாணத்துச் சித்திரவதைகளை விசாரித்த ஆணையம் 1855-இல் அறிக்கை தந்தது. வரி வசூலும் போலீஸ் வேலையும் ஒரே ஆட்கள் கையில் இருந்த காலம் அது. இரண்டு குச்சிகளை ஒரு முனையில் கட்டி, நடுவே விரல்களை வைத்து நெரிக்கும் கிட்டி அந்த அறிக்கையில் பதிவாகியிருக்கிறது. நெரிபட்டவர் வலி நிற்பதற்காக எதையும் ஒப்புக்கொள்வார்.

செல்லாத ஒப்புதலுக்காக ஸ்டேஷனில் இன்னும் ஏன் அடிக்கிறார்கள்? விடை அதே சட்டத்தின் விதிவிலக்கில் இருக்கிறது. காவலில் இருப்பவர் சொன்ன தகவலால் ஒரு பொருள் கிடைத்தால், அந்தப் பொருளோடு தொடர்புள்ள பகுதி மட்டும் சாட்சியமாகும். பழைய 27-ஆம் பிரிவு இது. நகையோ கத்தியோ ‘ரெக்கவரி’ காட்டச் சொல்லி மேலிருந்து நெருக்கும்போது லத்தி எழுவது இதற்காகத்தான். ஆனால் கட்டாயப்படுத்திப் பெற்ற தகவலை அரசியலமைப்பின் 20(3)-ஆம் பிரிவு தடுக்கும் என்று உச்ச நீதிமன்றம் 1961-லேயே சொல்லிவிட்டது.

குழந்தைக் கடத்தல், வெடிகுண்டு என்று அவசரத்தைக் காட்டி அடியை நியாயப்படுத்துவோர் உண்டு. பிடிபட்டவருக்கு எல்லாம் தெரியும் என்று அந்த வாதம் முன்பே முடிவுகட்டிவிடுகிறது. விசாரணை தொடங்குவதே அது தெரியாததால்தான். ஒன்றும் அறியாதவர் அடி தாங்காமல் ஏதோ ஒரு பெயரைச் சொல்வார். அந்தப் பெயருக்குரியவர் அடுத்து இழுத்துவரப்படுவார். கெடுதல் அடித்தவரோடும் நிற்பதில்லை. கழிவறையில் வழுக்கி விழுந்ததாக ரைட்டர் எழுத வேண்டும், காயத்தைப் பார்க்காமல் மருத்துவர் சான்று தர வேண்டும், ரிமாண்டின்போது மாஜிஸ்ட்ரேட் நிமிர்ந்து பார்க்காமல் இருக்க வேண்டும்.

ஒப்புதல் வாங்கக் காயப்படுத்துவது ஏழாண்டு வரை சிறைக்குரிய குற்றம், கொடுங்காயமென்றால் பத்தாண்டு. இந்தக் குற்றத்துக்கான பிரிவுக்குச் சட்டமே தரும் முதல் எடுத்துக்காட்டு, ஒரு போலீஸ் அதிகாரி. மேலதிகாரி சொன்னார் என்பது தற்காப்பாகாது. புதிதாகச் சேரும் எஸ்.ஐ. முதல் நாளிலேயே படிக்க வேண்டிய பக்கம் இது.

அடியை மறைக்காமல் சொன்னவரும் உண்டு. 2020 ஜூனில் சாத்தான்குளம் ஸ்டேஷனில் அடிக்கப்பட்ட தந்தையும் மகனும் பின்னர் உயிரிழந்தனர். அடி விழுந்த இரவில் பணியிலிருந்த பெண் தலைமைக் காவலர் ஒருவர், விசாரிக்க வந்த மாஜிஸ்ட்ரேட்டிடம் தாம் கண்டதைச் சொன்னார். பயந்துகொண்டேதான் சொன்னார்; கையெழுத்திடத் தயங்கினார், பிறகு இட்டார்.

அன்புடன்,
மாமா